இரண்டே முக்கால் அடி

மாட்டுத்தாவணியில் பஸ் ஏறியதிலிருந்து
உங்களிடம் சொல்ல வேண்டியதைச்
சொல்லிச் சொல்லிப் பார்க்கிறேன், உலகம்மைக்கா.
கயத்தாறு வந்துவிட்டது.
முதல் வாக்கியம் வரவில்லை.

தள்ளுபடி என்று தொடங்கலாம்.
பத்தொன்பது வருஷத்துக்குப் பதினொரு நிமிஷம்
என்று தொடங்கலாம்.
நீதிபதி மோசமில்லை, அக்கா. படித்துவிட்டுத்தான் வந்திருந்தார்.
கமிஷனர் வரைபடத்தில் விரல் வைத்து
"இது தவறாகவே இருக்கலாம்" என்றார்.
நான் மூச்சை இழுத்துப் பிடித்தேன்.
"தவறு என்பது மட்டும் போதாதே, அம்மா" என்றார்.

சேரன்மகாதேவி முன்சீப் எழுதியது இதுதான்:
உங்கள் வீட்டுக்கும் பட்டமுத்து வீட்டுக்கும் நடுவே
இரண்டே முக்கால் அடி முடுக்கில்
உங்கள் கால் பட்டதற்குத் தடயம் இல்லை.
கமிஷனர் வந்ததற்கு முந்தின வாரம்
அங்கே ஒரு லோடு குறுமணல் கொட்டியிருந்தது.
தடம் இல்லைதான்.
மணலுக்கு அடியில் இருந்தது.

அம்பாசமுத்திரம் சப்-கோர்ட்டும் ஆமாம் என்றது.
இரண்டு கோர்ட்டுகள் ஒரே சங்கதியைச் சொல்லிவிட்டால்
மூன்றாவது அதற்குள் கால் வைக்காது.
சட்டத்தில் சிக்கல் உண்டா என்று கேட்கும்,
முடுக்கில் என்ன கிடக்கிறது என்று கேட்காது.
முள்வேலி விழுந்த பிறகு
பீடி இலை நனைக்கிற தண்ணீரோடு
தெருவைச் சுற்றிக் கொல்லைக்குப் போக
நூற்று முப்பது எட்டு வைக்கிறீர்கள்.
அந்த எண் எந்த ஏட்டிலும் இல்லை.

போன மாசமே கேட்டீர்கள்,
மடியில் சுளகு, விரல் நிற்காமல்:
"அந்த ஐயா ஒருநா பஸ்ஸேறி முக்கூடலுக்கு வந்து
ஒரெட்டுப் பாத்துட்டுப் போனா என்னம்மா?
காப்பித்தண்ணி நான் போட்டுத் தாரேன்."

வரமாட்டார்.
வரக் கூடாது என்று வாதாடியவளும் நான்தான்.
இதை உங்களிடம் சொன்னதில்லை.
போன ஐப்பசியில், இதே அறையில்,
பேட்டை சுலைகா பீவியின் கடைக்காக நின்றேன்.
எதிராளி புதுசாக ஒரு பத்திரத்தைத் தூக்கிக்கொண்டு வந்தான்.
"கனம் கோர்ட்டார் அவர்களே,
சங்கதி முடிந்துபோனது, இனிக் கிண்டலாகாது" என்றேன்.
சுலைகா அன்றைக்கு ராத்திரி
இருபத்தாறு வருஷத்துக்குப் பிறகு தூங்கினாளாம்.
அவள் வாசலுக்குத் தாழ்ப்பாள் போட்ட அதே வரி
இன்றைக்கு உங்கள் முள்வேலி.
வேண்டும் என்றும் சொல்ல முடியவில்லை,
வேண்டாம் என்றும்.

சீராய்வு போடலாமே என்பீர்கள்.
போடலாம்.
பிழை ஏட்டின் முகத்திலேயே தெரிய வேண்டும்.
முகத்தில், அக்கா. மச்சம் மாதிரி.
தோண்டி எடுத்து, துடைத்து, விளக்கிக் காட்டினால்
அது முகத்துப் பிழை ஆகாதாம்.

ஒன்று மட்டும் கிடைத்தது.
தட்டச்சுக்காரர் யாரோ உங்களை
'இலகம்மை' என்று அடித்திருந்தார், முதல் தீர்ப்பில்.
அதைப் பார்த்து அடுத்த கோர்ட்டும்.
கிளம்பும்போது, சும்மா, சொல்லிவைத்தேன்.
"எழுத்துப் பிழையை எப்போதும் திருத்தலாமே!"
நீதிபதி முகம் மலர்ந்துவிட்டது.
பேனாவைத் திறந்து
இகரத்தை அடித்து, மேலே உகரம் போட்டு,
பக்கத்தில் சுருக்கொப்பம் வைத்தார்.
அவ்வளவு அக்கறையாக.
அன்றைக்கு அவர் கை செய்ய முடிந்தது
அது ஒன்றுதான் என்பதுபோல.

இனித் தோற்றவர் உலகம்மைதான்.
சரியான எழுத்தில்.

தச்சநல்லூர். இருட்டிவிட்டது.
முன் சீட்டுக்காரர் பால்கோவாப் பெட்டியைப்
பிரித்துப் பிரித்துக் கட்டுகிறார்.
போன் அடிக்கிறது.
நீங்கள்தான்.
ஆனால் திரையில் வருவது 'முடுக்கு'.
வழக்குக்கு ஒரு சொல் என்று
அப்படிப் பதிந்து வைத்தது நான்.
இத்தனை வருஷம் கண்ணில் படவில்லை.

வண்ணாரப்பேட்டையில் இறங்கி
எடுக்கிறேன், அக்கா.
இன்னும் இரண்டு தடவை அடியுங்கள்.