விடாய்க் கணக்கு

குருநகர் ஐஸ் தொழிற்சாலைக்குப் பின்னால்
யன்னல் ஒன்று மட்டும் வைத்த சீமெந்து அறை.
அதற்குள் ஈயப்பெட்டி, பெட்டிக்குள் உப்பு,
உப்புக்குள்
புளியங்கொட்டை அளவில் கிடக்கிறது வடவைக்கல்.

கடல் கரைமீறாமல்
அடியிலிருந்து குடித்துக்கொண்டிருக்கும் பெட்டைக்குதிரையின்
கடைவாய்ப்பல் உடைந்த துணுக்கு என்கிறார்கள்.
குதிரையை நான் கண்டதில்லை.
நிலாவரைக் கிணற்றுக்குள் இறங்கி இதைக் கொண்டுவந்த
சூசைமுத்துவைக் கண்டிருக்கிறேன்.
மூன்றுநாள் தண்ணீருக்குள் இருந்தவன்
கருவாடாய்க் காய்ந்து மேலே வந்தான்.
"விடாய்க்கவே இல்லை" என்றான், சிரித்தபடி.
அதோடு கதை முடிந்தது.

குடாநாட்டில் இதைவிட இன்னும் இரண்டு.
ஒன்று பெரியாஸ்பத்திரிக்கு.
மற்றது எங்கே என்று கேட்டால்
சபைக்காரர் செருமிக்கொண்டு மழையைப் பற்றிப் பேசுவார்கள்.

என் வேலை இலேசு. பக்கத்தில் இருக்க வேண்டும்.
உயிருள்ள உடம்பொன்று அருகில் இல்லாவிட்டால்
கல் எரியாது.
எரிந்தால் ஐஸ் உறையும், பாசையூர் மீன் பழுதாகாது,
றெக்கிளமேசன் வீதியில் விடியும்வரை லைட்.
கூலியாக அது எடுப்பது தாகத்தை மட்டும்.
பசியைத் தொடாது. நித்திரையை விட்டுவைக்கும்.
தாகம் போனால் என்ன, வசதிதானே
என்று முதல்நாள் நானும் நினைத்தேன்.

சுவரில் எழுதியிருந்தது:
மணி அடித்தால் குடி.
விருப்பம் இராது. குடி.

அரைமணிக்கொருதரம் டொமினிக் வெளியே மணி அடிப்பான்.
ஒரு கிளாஸ் குடித்துப் பதிவேட்டில் கோடு கீறுவேன்.
தண்ணீர் தண்ணீராயிராது.
யாரோ பட்ட கடனை
நான் அடைப்பது போலிருக்கும் ஒவ்வொரு மிடறும்.

சோளகம் கூரைத்தகரத்தை உரித்த ஓர் இரவு
மணி கேட்கவில்லை.
டொமினிக்கின் மகளுக்கு வலிப்பு, ஓடிவிட்டான்;
அதைப் பேந்துதான் அறிந்தேன்.
அப்போது அறிந்ததெல்லாம்
நன்றாயிருந்தது என்பதைத்தான்.
அவ்வளவு நன்றாயிருந்தது.
கைத்தோல் தாளாய்ச் சரசரத்தது.
இமை கண்ணோடு ஒட்டிக்கொண்டது.
முழங்காலருகே வாளி நிறையத் தண்ணீர்;
கதிரையைப் பார்ப்பதுபோல் அதைப் பார்த்தேன்.
வெளியே ஒருநாளும் இல்லாத வெள்ளை வெளிச்சம்,
பண்ணைப்பாலம்வரை பகல்.
சனம் படலைக்கு வந்து கைதட்டியதாம்.

அந்த நேரம் உப்புக்குள்ளிருந்து ஒரு குரல்
தண்ணி என்றது.
என் குரல்.
பிறகு சூசைமுத்துவின் குரல்.
பிறகு எனக்கு முன் இங்கு இருந்தவர்கள், ஒவ்வொருவராய்;
அவர்களில் ரெஜினா கொன்னை,
த த தண்ணி என்றாள். அதில்தான் நம்பினேன்.
எடுத்த தாகம் ஒன்றும் எரிந்து முடியவில்லை.
எல்லாம் அங்கேதான் இருக்கிறது, வாய் இல்லாமல்.

வாளியைத் தூக்கி ஊற்றினேன்.
ஊற்றக்கூடாது என்றும் சுவரில் இருந்தது,
கடைசி வரியாக, வேறு மையில்.

ஊர் ஒரேயடியாய் இருண்டது.
இருட்டுக்குள் விடாய் வந்தது,
என்னுடையது மட்டுமல்ல.
நிலத்தில் ஓடியதை நக்கினேன். சுவரில் ஊறியதை நக்கினேன்.
பெட்டியின் உப்புக்கரைசலையும் குடித்து
அதற்கும் சேர்த்து விடாய்த்தேன்.

விசாரணையில் மீன் கணக்குச் சொன்னார்கள்:
நாலாயிரத்து இருநூறு கிலோ.
ஏன் ஊற்றினாய்?
கேட்டது, கொடுத்தேன் என்றேன்.
எழுதிக்கொண்டவர் பேனாவை வைத்துவிட்டு
மேசையில் இருந்த சோடாவை எடுத்துக் குடித்தார்.

ஒன்பதாம் நாள் கல் பழையபடி எரியத் தொடங்கிற்று.
புதிதாய் ஒருத்தியைச் சேர்த்திருக்கிறார்கள்,
நாவாந்துறைப் பெட்டை, பேர் தெரியாது.
றெக்கிளமேசன் வீதியில் மூன்றாம் கம்பத்து லைட்
விட்டுவிட்டு எரிகிறது, கொன்னையாய்.
அதன் கீழே சைக்கிளை நிறுத்திக் காது கொடுக்கிறேன்.
இன்னும் மணி அடிக்கவில்லை.
இன்னும் இல்லை.
என் நாக்கு அண்ணத்தில் ஒட்டுகிறது.
கையில் போத்தல் இருக்கிறது,
அவள் குடிக்கட்டும் முதலில்.