நிமிர்த்திய படம்

உபியில், ஏழாம் மாடியில், ஏசிக் குளிரில்
நாற்பது படங்களை நிமிர்த்துகிறோம்.
தலைமையகத்தின் உத்தரவு:
இனி எல்லாம் கைப்பேசி உயரத்துக்கு.

அகலத்திரையில் நீண்ட மேசை.
இந்த முனையில் கணவன், அந்த முனையில் மனைவி,
நடுவில் மணவிலக்குப் பத்திரம்.
என் சட்டத்தில் ஒருவருக்குத்தான் இடம்.
மென்பொருள், பேசுகிற வாயைத் தேடிப் போகிறது.
பேசுவது அவன்.
எட்டு நிமிடம்.

"தொண்ணூறு விநாடிக்கு ஒரு திருப்பம் வேணும்லா,
இல்லாட்டி ஆறாம் துண்டுக்கு யாரு காசு கட்டுவா?"
ஹஃபிசா சொல்வதும் சரிதான்.
சம்பளம் அதிலிருந்துதான்.

அவன் குரலை விட்டுவைத்தேன்.
முகத்தை வெட்டினேன்.
கரண்டியை நேராக வைத்து
மறுபடி நேராக வைக்கும் அவள் மட்டும்.

மூன்று வாரம் கழித்து, வட்டப் பாதை ரயில்.
எதிரே பாதுகாவலர் சீருடை,
உள்ளங்கையில் என் கரண்டிக்காரி.
தை செங்கில் விரல் நகரவில்லை.
பார்ட்லியிலும் இல்லை.
ஒருமுறை கைப்பேசியைச் சாய்த்துப் பார்த்தார்,
ஓரத்துக்கு அப்பால்
யாரோ உட்கார்ந்திருப்பதுபோல.

ஆறாம் துண்டு இரண்டு வெள்ளி கேட்டது.
பைக்குள் போட்டுவிட்டார்.

நான் இறங்க வேண்டிய சிராங்கூன்
எப்போதோ போயிருந்தது.