எட்டாயிரத்துக்கு மேலே

டத்தோ கெராமாட் சாலை, இரண்டாம் மாடி.
சத்தம் நுழையாத என் கண்ணாடி அறைக்குள்
நாளைக்கு ஒன்பது பேர் வந்து உட்காருவார்கள்.
ஒலி கேட்டால் பொத்தானை அழுத்துங்கள் என்பேன்.
சிலர் கேட்காமலே அழுத்துவார்கள்,
என்னைச் சந்தோஷப்படுத்த.

லாரி ஓட்டிய தியோ கிம் ஹுவாட்
செவிக்கருவி வாங்கிய நான்காம் நாள்
அதைப் பிஸ்கட் டப்பாவில் போட்டுத்
திரும்பக் கொண்டுவந்தார்.
"பழுது" என்றார் மலாயில்.
"பதினொரு வருஷமாய்த் தண்ணீர்மலைக் காட்டில் நடக்கிறேன்,
மிஸ் கோமளா. அமைதியான காடு.
இதை மாட்டிக்கொண்டு போனால்
யாரோ தகரம் அறுக்கிறார்கள்."

சோதித்துப் பார்த்தேன். பழுதில்லை.
அப்படியானால் காட்டைத்தான் சோதிக்கணும் என்றேன்
விளையாட்டாய்.
சனிக்கிழமை ஐந்தரை என்றார் அவர்,
சிரிக்காமல்.

நிலவு வாசலைத் தாண்டினால் படிகள், ஈரம்.
முருகன் கோயில் மணி
மூன்றாம் திருப்பம்வரை கூடவே வந்து
வழியனுப்ப வந்த நாயைப்போலத்
திரும்பிப் போனது.

மோட்டார் சத்தங்கள் அடங்கியதும்
முதலில் கேட்டது என் மூச்சு.
பிறகு கல்லுக்கடியில் எங்கோ தண்ணீர்.
குக்குறுவான் ஒன்று
ஒரே ஆணியை அடித்துக்கொண்டே இருந்தது,
வேலை முடிகிற மாதிரித் தெரியவில்லை.
இலைக்குரங்குகள் கிளை மாற
நேற்றைய மழை
எங்கள்மேல் இரண்டாம் முறை பெய்தது.

ஏழு மணிக்குச் சற்று முன்
கிம் ஹுவாட் நின்றார். கையை உயர்த்தினார்.
"இதோ. தகரம்."

நானும் நின்றேன்.
இலை அசையவில்லை.
குக்குறுவானும் நிறுத்தியிருந்தது.
எந்த மரத்திலிருந்து என்று கேட்டேன்.
எல்லா மரத்திலிருந்தும் என்றார்,
முகம் சுளித்து, இரு காதையும் பொத்தியபடி.
கொட்டுகிற மழைக்கு நடுவே
நான் மட்டும் நனையாமல் நின்றேன்.

சிள்வண்டுகள். அது தெரிகிறது.
எட்டாயிரத்துக்கு மேலே கத்துவதைக்
கீழே இறக்கித் தரும்படி
அந்தக் கருவியை அமைத்ததே நான்தான்.
மாடிப்படிபோல் வலப்புறம் சரியும் கோட்டைப்
பேனா முனையால் தொட்டு
"வயசானால் சகஜம்" என்று
எத்தனை பேருக்குச் சொல்லியிருக்கிறேன்.
என் கோட்டை இதுவரை
யாரும் வரைந்ததில்லை.

"ஆமாம், எனக்கும் கேட்கிறது" என்றேன்.

அவர் கையைக் காதிலிருந்து எடுத்தார்.
என்னைப் பார்த்தார்.
"அது நின்று ஒரு நிமிஷமாச்சு, மிஸ்."

வேர் ஒன்றில் உட்கார்ந்தோம்.
மறுபடி தொடங்கியபோது
என் மணிக்கட்டில் விரலால் தட்டினார்,
வேகவேகமாய்,
சுங்கச்சாவடியில் காத்திருக்கும்
ஸ்டியரிங்கில் தட்டுவதுபோல.
நின்றபோது விரலும் நின்றது.
தூரத்தில் இன்னொன்று பதில் சொன்னால்
மெல்லத் தட்டினார்.
அவர் கேட்டதும் காட்டின் குரலல்ல,
நான் இறக்கிக் கொடுத்த நிழல்.
அந்த நிழலின் நிழல்
என் தோலில் ஓடியது.

இருட்டியபின் ஒருமுறை
விரல் சட்டென்று நின்றது.
தண்ணீர்கூடக் கேட்கவில்லை.
கையில் மயிர் எழுந்தது, எனக்கும் அவருக்கும்.
பிரம்புப் புதருக்கப்பால் ஏதோ
எங்களைக் கேட்டுக்கொண்டிருந்தது.
எவ்வளவு நேரம் என்று சொல்லத் தெரியாது.
பிறகு அது கேட்டு முடித்ததுபோல
எல்லாம் ஒன்றாய்த் தொடங்கின,
விரலும்.

இறங்கும் வழியில் அதைப்பற்றிப் பேசவில்லை.
பிஸ்கட் டப்பாவை மட்டும் என்னிடம் கொடுத்தார், காலியாக.
கருவி அவர் காதிலேயே இருந்தது.

திங்கட்கிழமை யாரும் வருமுன்
கண்ணாடி அறைக்குள் போய்
அவர்கள் உட்காரும் நாற்காலியில் உட்கார்ந்தேன்.
வெளியே ஒலி அனுப்ப ஆளில்லை.
பொத்தான் கையில் இருந்தது.
நெடுநேரம்
அதை அழுத்தவில்லை.