பதினொரு அடி

லிதியா ஓஸெரோவா கமராவைத் தோளில் தூக்கமாட்டாள்.
மடியில் வைத்திருப்பாள், காய்ச்சல்காரப் பிள்ளையைப் போல.
நான் அவளுடைய ஃபோகஸ் புல்லர்.
முந்தின கிழமைவரை
கொக்குவிலில் சாமத்தியவீட்டு வீடியோக்காரன்.

அவள் வேலை செய்த வரிசையை
மத்தியானச் சாப்பாட்டில் துண்டு துண்டாகக் கேட்டேன்.
மூர்மான்ஸ்கில் பனியுடைக்கும் கப்பலில் செய்திப்படம்.
மூன்று வருடம் தயிர் விளம்பரம்,
தயிர் வெள்ளையாய்த் தெரிய
ஒரு சொட்டு நீலம் விடவேண்டுமாம்.
பிறகு முதல் முழுநீளப்படம், ஒரு காடு, ஒரு பரிசு.
காட்டைப் பற்றிக் கேட்டால் சோற்றைப் பிசைவாள்.
மொழிபெயர்க்க வந்த ஜெனிற்றா,
"அதை விடட்டாம்."

இப்போது அவளுக்குத் தன் நாட்டில் படமெடுக்க ஏலாது.
ஏன் என்று நாங்கள் கேட்கவில்லை.
அந்தமாதிரிக் கேள்விகள்
எங்களுக்கும் பிடிக்காது.

ஆகவே பனிக்காலம் யாழ்ப்பாணத்துக்கு வந்தது.
ஆனையிறவிலிருந்து மூன்று லொறி உப்பு.
செம்மணி வெளியில் கொட்டிப் பரவினோம்.
கம்பளிக் கோட்டுக்குள் நடிகன்
முப்பத்தைந்து பாகை வெயிலில் நடுங்கினான், சம்பளத்துக்கு.
கமராவில் ஏதோ ஓர் எண்ணை அவள் மாற்ற
உச்சிவெயில் அப்படியே நீலம் பாரித்தது.
அமலதாஸ் மொனிற்றரைப் பார்த்துவிட்டுத்
தன் சேட்டின் மேல்பொத்தானைப் பூட்டினான்.

பின்னேரம் நாலரைக்கு
கமராவை நிலத்தோடு இறக்கச் சொன்னாள்.
இன்னும். இன்னும் கீழே.
அதன் வயிறு அமர
உப்பை வழித்துவிட்டு
கையாலேயே குழி பறிக்கத் தொடங்கினாள்.

நான் அளவுநாடாவோடு நின்றேன்.
அமலதாஸ் கேபிள் சுருட்டுகிறவனாகத் திரும்பிக்கொண்டான்.
"பெர்மிட் இருக்குத்தானே" என்றார் தயாரிப்பு நிர்வாகி,
அவர் கொழும்பு.
"இஞ்ச கிண்டவேண்டாமெண்டு சொல்லும், ஜெனிற்றா."
"என்ன காரணம் சொல்ல?"
"உமக்குத் தெரிஞ்ச காரணம்தான்."

ரஷ்ய மொழியில் அது நாலே நாலு சொல்.
லிதியாவின் கை உப்புக்குள்ளேயே நின்றது.

பிறகு, கேட்காமலே, அந்தக் காடு.
கரேலியாவில், பைன் மரங்களுக்கிடையில்
பாசி மூடிய சின்னச் சின்னப் பள்ளங்கள்.
அவற்றில் வெளிச்சம் தேங்குவதற்காகப்
பதினாறு நாள் காத்திருந்தாளாம்.
நடுவர்கள் அந்தப் பள்ளங்களைத்தான் புகழ்ந்தார்களாம்.
திரையிடல் முடிந்து கைதட்டல் ஓய்ந்தபிறகு
ஒரு பெண் வரிசையில் வந்து நின்று கேட்டாளாம்,
இதில் எந்தப் பள்ளம்
என் அப்பாவின் அப்பா?

குழியை மூடினாள்.
உள்ளங்கையால் இரண்டு தரம் தட்டினாள்.
கமராவை ஆள் நிற்கும் உயரத்துக்கு ஏற்றி
லென்ஸை மாற்றினாள்.
"தூரம்?"
நடிகனின் மூக்குவரை நாடாவை இழுத்தேன்.
பதினொரு அடி.
அவன் மட்டும் துலக்கம்.
அவனுக்குப் பின்னால் வெளி முழுக்க
வெள்ளையாய், ஒன்றும் பிடிபடாமல்.
நான்தான் அப்படி வைத்தேன். என் கைதான்.

பொழுதுபட்டது. லொறிக்காரன் ஹோர்ன் அடித்தான்,
உப்பை எப்ப அள்ளுறது?
காலமை வா என்றேன்.
மண்வெட்டி வேண்டாம்,
விளக்குமாறு கொண்டுவா.