அளவுப் புத்தகம்

பத்தொன்பது வயதில் முதல் அளவு:
மார்பு முப்பத்தாறு. சிவப்புக் கோட்டு, தங்கச் சரிகை.
கேப்டன் பதவியை அப்பா ரொக்கமாய் வாங்கித் தந்தார்;
கோட்டுக்குக் கடன் சொன்னார்கள்.

கிரீமியாவிலிருந்து வந்தபோது
இடது கை இல்லை.
"இரண்டு கையும் தை, ட்ரெலோர்.
இரண்டுக்கும் கூலி உண்டு" என்றார் ஆம்ப்ரோஸ் பிரபு.
நல்ல மனுஷன்தான்.

அவர் பின்னால் போன என் தம்பி ஜேபஸ்
வரவில்லை.
அவன் அளவு இந்தப் புத்தகத்தில் கிடையாது,
என் பழையதைத்தான் போட்டு வளர்ந்தான்.

அந்தக் குன்றைப் பற்றிப் பார்லிமென்டில்
ஒருமுறை பேசினார்.
"சொற்ப இழப்பு."
பேப்பரில் படித்தபோது
என் மடியில் கிடந்தது அவருடைய கோட்டு.

தேர்தலுக்குத் தேர்தல் மேடையேறி,
காரியஸ்தர் பார்த்திருக்க,
அவர் பெயரையே உரக்கச் சொன்னேன்.

எழுபத்துநான்கில்தான் திரை கட்டினார்கள்.
உள்ளே ஒரு மேசை, நூலில் கட்டிய பென்சில்,
நான்.

மறுவாரம் அளவெடுக்க வந்தார்,
பதினோரு ஓட்டில் தோற்றவர்.
இடுப்பு இரண்டு அங்குலம் கூடியிருந்தது.
கோட்டின் வெற்றுக் கையை மடித்துக் குத்தும்போது
கண்ணாடியைப் பார்த்தபடி கேட்டார்:
"நீ எனக்குத்தானே போட்டாய்?"

என் வாய் நிறையக் குண்டூசி.