நரையில் தொடங்கியவர்

ஊருக்குப் பேரே கோரமண்டல்.
மொரீஷியஸில், துணி ஆலைக்குப் பின்னால்
எங்கள் விடுதி. இரண்டாம் மாடியில்
முப்பத்தாறு கட்டில், ஒரு டி.வி.
மாலை ஆறரைக்கு மெக்சிகோ அழும்,
பிரெஞ்சில்.

எனக்கு அழுகிற மொழியும் தெரியாது,
அழவைத்த மொழியும் தெரியாது.
திருப்பூரிலிருந்து மூன்று வருஷ ஒப்பந்தம்.
சட்டைக் கழுத்தில் அளவுச் சீட்டு தைப்பவள்:
எம், எல், எக்ஸெல்.
சட்டையைப் பார்க்கிறவர்கள் பார்க்காத இடம் அது.
அதனாலோ என்னவோ
நாயகியின் கண்ணீரைத் தாண்டிப் போய்
ஓரத்தில் கிடந்தவர்மேல் விழுந்தது கண்.

முதல் தொடரில் அவர் நோயாளி.
நூற்றிருபது நாள் படுக்கை.
சொத்து யாருக்கு என்று
குடும்பமே அவர் தலைக்குமேல் அடித்துக்கொள்ள
ஒரு வார்த்தை பேசாமல்
போர்வை நுனியை விரலால் மடித்துக்கொண்டிருந்தார்.
பிசகில்லாத மடிப்பு.
தைக்கிறவளுக்குத் தெரியும்.

அடுத்ததில் பாதிரியார். தலையில் பாதி கறுப்பு.
தவறான ஜோடிக்கு மோதிரம் மாற்றிவைத்தார்.
அதற்கடுத்ததில் காரோட்டி.
கதவைத் திறந்தார், மூடினார், திறந்தார்.
பாதிரிக்கு ஒரு தடித்த குரல்,
காரோட்டிக்கு மூக்கால் பேசும் ஒரு குரல்.
இரண்டும் பாரீஸில் யாரோ கூலிக்குக் கொடுத்தது.

"எப்படி இந்த மனுஷன் வருஷா வருஷம்
இளமையாகிட்டே போறார்?" என்றேன்.
இஸ்திரிப் பிரிவு சோலாஞ் வையாபுரி
பள்ளிக்கூடத்தில் படித்த தமிழை
தூசி தட்டி எடுத்துச் சொன்னாள்:
"இது தீவு. கப்பலில்
கடைசியாக ஏற்றிய பெட்டி
முதலில் இறங்கும்."

கடைசியில் பேர்கள் ஓடுகிற ஓட்டத்தில்
எதையும் பிடிக்க முடியாது.
சோலாஞ் தொடருக்கு ஒரு அட்டை வைத்து
நாளுக்கு இரண்டு பேராக எழுதினாள்.
மூன்று அட்டையிலும் இருந்தது ஒரே பேர்.
எவாரிஸ்தோ லுகோ.
அன்று சம்பளம் இல்லை, ஆனாலும்
அவர் பேரைச் சொல்லி தால்பூரி வாங்கித் தின்றோம்.
மறுநாள் நூற்றைம்பது சட்டைக்கு
எல்லுக்குப் பதில் எம் தைத்துவிட்டேன்.
பிரித்துத் தைக்க இரவு பதினொன்று ஆனது.

நரை குறையக் குறைய
என் வாயில் மரியாதையும் குறைந்தது.
வில்லனுக்கு அடியாளாக வந்தபோது
'அவர்' உதிர்ந்து
'அவன்' ஆகியிருந்தான்.
கட்டில்களில் யாரும் திருத்தவில்லை.

ஒப்பந்தம் முடியப் பதினெட்டு நாள்.
சோலாஞ் அன்றைக்கு இரவு ஷிஃப்ட்.
புதுத் தொடர், ஆனால் ஆகப் பழசு:
படம் பழுப்பேறி, ஒரு குதிரைச் சந்தை.
வேலிமேல் நாலு பேர். மூன்றாவது அவன்.
இருபத்துமூன்று இருக்கும்.
முகம் மறையாதபடி
தொப்பியைச் சாய்த்து வைத்திருந்தான்.
நாயகன் முன்னால் நின்று வசனம் பேசும்போது
பின்னால் இவன் உதடும் கூடவே அசைந்தது,
ஒரு சொல் விடாமல்.
அந்த வேஷத்துக்கு இவனும் போய்
வரிசையில் நின்றிருக்கிறான்.

டேய், வேண்டாம், என்று வந்தது வாயில்.
கார்க் கதவு, மோதிரம், போர்வை நுனி
எல்லாம் நான் பார்த்தாயிற்று.
அவனுக்குத்தான் இன்னும் யாரும் சொல்லவில்லை.

அப்போது பிரெஞ்சு அறுந்தது.
ஏதோ கோளாறு. பத்துப் பன்னிரண்டு வினாடி.
குதிரைக் கனைப்பு, காற்று,
பிறகு வேலியிலிருந்து குதித்தபடி
அவன், அவனுடைய சொந்தத் தொண்டையில்.
மெல்லிசான குரல், ஓரத்தில் கொஞ்சம் கீறல்.
மூன்றே சொல்.
சீட்டுக்குப் பின்னால் எழுதிக்கொண்டேன்,
காதில் விழுந்தபடி:
யா போய் யோ.

மற்ற இரண்டும் எனக்கு வெறும் சத்தம்.
நடுவில் இருந்தது நம்ம போய்.
எங்கே என்று கேட்பதற்குள்
பிரெஞ்சு வந்துவிட்டது.