காடிவிளைக்காரி

ஆரல்வாய்மொழியில் இறங்கி
காற்று தள்ளிய பக்கமே நடந்தேன்,
முந்தானையை இடுப்பில் செருகி,
கணக்கெடுப்புத் தாள்களை நெஞ்சோடு அணைத்து.
ஆனிக் காற்று. கணவாயில் அதற்கு வேறு வேலையில்லை.

தாலுகா ஆபீசில் கொடுத்த பட்டியலில்
என் பகுதியின் கடைசி வரி: காடிவிளை.
வீடுகள் எத்தனை என்ற கட்டத்தில்
போன முறை வந்தவர் ஒரு கோடு போட்டிருந்தார்.
ஒன்று என்பதா, இல்லை என்பதா,
பேனா எழுதுகிறதா என்று பார்த்ததா,
தெரியவில்லை.

டீக்கடையில் தாசையன் சிரித்தார்.
"என்னத்த எண்ணப் போறிய டீச்சர்?
அங்க ஆளு ஏது? விளைக்காரி மட்டும் கெடப்பா."
யாரவள் என்றேன்.
வினாகிரி பாட்டிலைத் திறந்தவர் போல மூக்கைச் சுளித்தார்.
"கொட்ட மாட்டா. வாலு சும்மா வாலு.
குனிஞ்சு மட்டும் பாக்காதிய,
கண்ணுல அடிச்சிருவா."

ரயில்பாதை போட வந்தவர்களின் முகாமாம்.
மூன்று வருடம், எண்பது கூரை,
சம்பளக் கூடாரம் ஒன்று, குருசடி ஒன்று,
சாராயம் புதைத்த குழிகள் எண்ணில் வராது.
பாய்க்கடியில் ராத்திரி ஓடியதை மோந்து பார்த்து
குளச்சல்காரர்கள் வினாகிரித் தேள் என்றார்கள்.
கணக்கப்பிள்ளை படித்தவர்,
கூலிப் பதிவில் 'காடி கேம்ப்' என்று எழுதினார்.
தண்டவாளம் வள்ளியூர்ப் பக்கம் நகர நகர
ஊரும் கூரையைச் சுருட்டிக்கொண்டு கூடவே போயிற்று.
பெயரை யாரும் தூக்கவில்லை.
சர்க்கார் வரைபடத்தில் அது விளையாயிற்று;
விளைந்தது ஏதுமில்லை.
பக்கத்து ஊர்க்காரர்கள் அப்புறம்
தேளையே காடிவிளைக்காரி என்றார்கள்.
இரவல் போன கிண்ணம்
வேறு கறியோடு வீடு திரும்பியது போல.

போய்ச் சேர்ந்தபோது மணி மூன்றிருக்கும்.
உடைமரம், எருக்கு, ஏழு அரைச் சுவர்கள்.
வற்றிய தொட்டியின் சிமென்டில்
ஈரமாயிருந்தபோது ஆணியால் கீறியது:
ரெத்தினபாய்க்கு 14 ரூபாய்.
தரணுமா வாங்கணுமா என்றில்லை.
மேலே காற்றாலையின் நிழல்
சுவர் சுவராக ஏறி இறங்கி
எனக்கு முன்னே எண்ணிக்கொண்டிருந்தது.

உட்காரலாம் என்று ஒரு பலகைக்கல்லைப் புரட்டினேன்.

இருந்தாள்.
எண்ணெயில் ஊறிய மரையாணி நிறம்.
முன்னங்கால் இரண்டையும் நடக்க வைக்காமல்
நூல் போல் நீட்டி
என் செருப்பின் விளிம்பைத் தடவிப் படித்தாள்.
முதுகில் பச்சரிசி சிந்தினது போல் குஞ்சுகள்.
பதினேழு, பதினெட்டு,
ஒன்று இன்னொன்றின் மேல் ஏறியது,
மறுபடி முதலிலிருந்து.
எண்ணும்போது அசையாதீர்கள் என்று
மனிதர் வீட்டிலேயே சொல்ல முடிவதில்லை.

வால் நிமிர்ந்தது. பிறகு அந்தப் புளிப்பு,
தாசையன் மூக்கில் பார்த்தது
இப்போது என் விரலில், வளையலில், தாளின் ஓரத்தில்.
கல்லை இருந்த சாய்விலேயே திரும்ப வைத்தேன்.
ஒரு பக்கம் இரண்டு விரற்கடை இடைவெளி.
அதுதான் வாசல் என்று நினைக்கிறேன்.

படிவத்தைப் பிரித்தேன், கேட்டிருக்கிறார்களே என்று.
சுவர்: மண்.
கூரை: கல்.
குடிநீர்: வளாகத்துக்குள் இல்லை.
குடும்பத் தலைவர்: பெண்.
சொந்த வீடா, வாடகையா
என்ற இடத்தில் பேனா நின்றுவிட்டது.
தாளை மடித்துப் பைக்குள் வைத்தேன்;
அது ஆபீசுக்குப் போகாது.

நாகர்கோவில் பஸ்ஸில் பக்கத்திலிருந்தவள்
முறுக்குப் பொட்டலத்தை மறுபக்கம் மாற்றிக்கொண்டு,
"ஊறுகா போட்டியளா?" என்றாள்.
"இல்ல, ஒரு வீடு பாக்கப் போனேன்."
"கெடச்சுதா?"
"ஆளு இருக்கு."

தோவாளை தாண்டியதும்
பட்டியலை எடுத்து மடியில் வைத்து
அவர் கோட்டுக்குக் கீழே நானும் ஒரு கோடு போட்டேன்.
பஸ் ஒரு குழியில் இறங்கி ஏறியது.
கோட்டுக்கு
நீளமாய், மெல்லியதாய்
ஒரு வால் முளைத்தது.